நண்டு அடை: வீட்டில் சுடும் முறை

பாக் நீரிணைக் கரையிலுள்ள மண்டபம், இராமேசுவரம், தொண்டி முதலிய ஊர்களில் கிடைக்கும் நீலக்கால் நண்டுக்கு வெளிநாட்டில் நல்ல கிராக்கி உண்டு. அதன் சதை பதப்படுத்தப்பட்டு, டப்பாக்களில் அடைக்கப்பெற்று, அமெரிக்காவுக்குப் பல ஆண்டுகளாக ஏற்றுமதியாகி வந்திருக்கிறது. அந்நாட்டின் மேரிலாந்து மாநிலத்தில் பேர்பெற்ற ‘கிராப் கேக்’ என்னும் பண்டத்தை இத்தகைய சதையைக் கொண்டும் செய்கின்றனர். கேக் என்றதும் இனிப்பு என்று எண்ண வேண்டாம். அது நம் அடையைப் போன்ற காரப் பண்டமேயாகும்.

ஆனால் நண்டு பிடிப்போர் வீடுகள் சிலவற்றில் நாம் காண்பது என்ன? உயிருள்ள நல்ல நண்டெல்லாம் விற்பனைக்குச் செல்கிறது. விலைபோகாத செத்த நண்டு வீட்டுச் சட்டிக்கு வருகிறது. இப்பழக்கத்தைக் கைவிட வேண்டும். நண்டு இறந்த சிறிது நேரத்திலேயே அதன் சதை கெடத் தொடங்கிவிடுகிறது. கெட்ட சதையை எவ்வளவு வேகவைத்தாலும் அதில் தோன்றிய நச்சு முழுவதும் நீங்கிவிடும் என்பதற்கில்லை. ஆதலால் விற்பனைக்கு முன்பே, உயிருள்ள நண்டில் ஒரு கிலோவை வீட்டுக்கென ஒதுக்கிவிடுவது நலம்.

வீட்டுக்கு ஆண் நண்டே ஏற்றது. அதன் ஓடு நீலம் பாய்ந்திருக்கும். வயிற்றுப்புற மடல் குறுகலாயிருக்கும். பெண் நண்டின் மடல் அகன்றது. அம்மடலின் அடியில் சினை திரண்டிருந்தால் அந்நண்டை உயிருடன் கடலில் விட்டுவிட வேண்டும். ஒரு சினை நண்டு பல லட்சம் முட்டைகளைச் சுமக்கிறது என்பதை மறக்கலாகாது.

நண்டுகளை அரை மணி நேரம் பனிக்கட்டியில் புதைத்து, அவை அசைவற்றபின் கழுவி, பதினைந்து நிமிடம் ஆவியில் வேகவைக்க வேண்டும். ஆறியதும் ஓட்டைப் பிரித்து, செவுள்களை நீக்கி, சதையை எடுக்கலாம். ஒரு கிலோவில் ஏறத்தாழ கால் கிலோ சதை தேறும். ஓட்டுச் சில்லு கலந்துவிடாதபடி விரலால் துழாவிப் பார்ப்பது அவசியம். குழந்தைகள் உண்ணும் பண்டமல்லவா?

கால் கிலோ சதைக்கு ஒரு முட்டை, மூன்று மேசைக்கரண்டி ரொட்டித் தூள், பொடியாக அரிந்த சின்ன வெங்காயம் ஐந்து, பச்சை மிளகாய் ஒன்று, சிறிது இஞ்சி, கறிவேப்பிலை, மிளகுத்தூள், உப்பு ஆகியவை போதும். முட்டை சூட்டில் இறுகிச் சதையைப் பிணைக்கிறது. ரொட்டித் தூள் ஈரத்தை உறிஞ்சுகிறது. தூளை மிகுதியாகச் சேர்த்தால் நண்டின் சுவை போய்விடும். சதை உதிராமல் மெதுவாகக் கலந்து, ஆறு அடைகளாகத் தட்டி, குளிர்ந்த இடத்தில் அரை மணி நேரம் வைத்தால் நன்கு இறுகும்.

பிணைப்பு குறைவாதலின் இவ்வடை எண்ணெயில் பொரித்தால் உடையக்கூடும், சுடுவதே சிறந்தது. எண்ணெயும் இரண்டு தேக்கரண்டிக்கு மேல் செலவாகாது. மின் அடுப்புப் பெட்டி உள்ளவர்கள் 200 டிகிரி செல்சியஸ் சூட்டில் இருபது நிமிடம் சுடலாம். இல்லாதவர்கள் அடிகனமான பாத்திரத்தில் ஒரு விரற்கடை உயரத்திற்குக் கல்லுப்பைப் பரப்பி, அதன்மேல் ஒரு வளையத்தை வைத்து, மூடிப் பத்து நிமிடம் சூடேற்ற வேண்டும். பிறகு எண்ணெய் தடவிய தட்டில் அடைகளை அடுக்கி உள்ளே வைத்து மூடி, மிதமான தீயில் அரை மணி நேரம் சுடலாம். பாதி நேரத்தில் ஒருமுறை திருப்பிவிட வேண்டும். இரு புறமும் பொன்னிறமாகி, நடுவிலும் நன்கு சூடேறியிருந்தால் அடை வெந்துவிட்டது எனக் கொள்ளலாம்.

நண்டு உண்டால் உடலில் தடிப்போ மூச்சுத் திணறலோ காணும் இயல்புடையோர் இதைத் தவிர்க்க வேண்டும். ஏனையோருக்கு இது புரதச் சத்து மிகுந்த உணவு. கடல் கடந்து சென்று பிறர் மேசையை அணிசெய்யும் நண்டு, அதைப் பிடித்தவர் வீட்டுக் குழந்தையின் தட்டிலும் வாரம் ஒரு முறையேனும் இடம்பெற வேண்டும் என்பதே நம் விருப்பம்.