பொதிகைக்கு அப்பால் ஒரு தலைமையகம்

2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் பெய்த பெருமழையை தாமிரவருணிக் கரை மக்கள் எளிதில் மறந்துவிட முடியாது. காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 90 செ.மீ.க்கும் அதிகமான மழை பதிவானது. திருச்செந்தூரிலிருந்து சென்னைக்குப் புறப்பட்ட ரயில் ஸ்ரீவைகுண்டத்தில் நின்றது. ஏறத்தாழ 800 பயணிகள் வெள்ளத்துக்கு நடுவே சிக்கினர். சாலைகள் துண்டிக்கப்பட்ட நிலையில், விமானப் படையின் ஹெலிகாப்டர்கள் உணவுப் பொட்டலங்களை வீசின. கர்ப்பிணி உள்ளிட்ட சிலரை மீட்டுச் சென்றன. அந்த ஹெலிகாப்டர்களை அனுப்பியது யார் என்பதை நம்மில் பலர் அறிந்திருக்கவில்லை.

அவை தெற்கு விமானப் படைப் பிரிவுக்கு உரியவை. அதன் தலைமையகம், பொதிகை மலையின் மேற்குப் புறத்தில், திருவனந்தபுரம் ஆக்குளத்தில் உள்ளது. 1984 ஜூலை 19-ஆம் தேதி அன்றைய பிரதமர் இந்திரா காந்தி அதைத் தொடங்கி வைத்தார்.

இந்திய விமானப் படையில் ஏழு தலைமைப் பிரிவுகள் உண்டு. பயிற்சிக்கும் (பெங்களூரு) பராமரிப்புக்கும் (நாகபுரி) உரியவை இரண்டு. தில்லி, காந்திநகர், பிரயாக்ராஜ், ஷில்லாங், திருவனந்தபுரம் ஆகிய இடங்களில் உள்ள மற்ற ஐந்தும் களப் பணிக்கு உரியவை. தலைமையகம் என்பது போர் விமானங்கள் அணிவகுத்து நிற்கும் இடமன்று. எந்த விமானம், எங்கிருந்து, எப்போது, எதற்காகப் புறப்பட வேண்டும் என்று தீர்மானிக்கும் இடம் அது.

சுதந்திரத்துக்குப் பின் நீண்ட காலம் நம் விமானப் படையின் பார்வை மேற்கு, வடக்கு எல்லைகளின் மீதே பதிந்திருந்தது. போர்கள் அங்கே நிகழ்ந்ததால் அது இயல்பே. ஆனால், கச்சா எண்ணெயும் சரக்குகளும் செல்லும் முக்கிய கடல் பாதைகள் குமரிமுனைக்குத் தெற்கே உள்ளன. தெற்கிற்கெனத் தனித் தலைமை தேவைப்பட்டதன் அடிப்படை இதுதான்.

அதன் பின்னர் தெற்கின் வலிமை படிப்படியாகக் கூடியது. இரண்டாம் உலகப் போரின்போது பிரிட்டிஷ் கடற்படை விமானங்கள் பயன்படுத்திய சூலூர், இன்று தேஜஸ் போர் விமானங்களின் தளம். தஞ்சாவூரில் 2020 ஜனவரியில், பிரம்மோஸ் ஏவுகணையைச் சுமக்கவல்ல சுகோய்-30 விமான அணி நிறுத்தப்பட்டது. நம் மாவட்டத்தின் விஜயநாராயணத்தில் உள்ள கட்டபொம்மன் தளம் கடற்படைக்குரியது; நீர்மூழ்கிக் கப்பல்களுக்குச் செய்தி அனுப்பும் அந்நிலையத்தை இதனோடு குழப்பிக்கொள்ளக் கூடாது.

பாதுகாப்பு என்பது பொதுப்பண்டம் எனப் பொருளியல் மாணவர்களுக்குக் கற்பிக்கிறோம். ஒருவர் பெறும் பாதுகாப்பால் மற்றவருக்குக் குறைவதில்லை. எவரையும் அதிலிருந்து விலக்கவும் இயலாது. எல்லைக் காவலுக்கு இது முற்றிலும் பொருந்தும். வெள்ள மீட்புக்கு அவ்வாறு பொருந்தாது. ஹெலிகாப்டர்களின் எண்ணிக்கை குறைவு. ஓர் ஊருக்குச் சென்ற ஹெலிகாப்டர் அதே நேரத்தில் மற்றோர் ஊருக்குச் செல்ல இயலாது. எனவே, ஒவ்வொரு பயணத்தின் பயனும் தரையில் செய்யப்பட்டுள்ள முன்னேற்பாட்டைப் பொறுத்தது.

சூலூரிலிருந்து ஸ்ரீவைகுண்டம் வெகு தொலைவு. எரிபொருள் நிரப்பவும் பொருள்களை ஏற்றவும் அருகில் ஓர் இடம் வேண்டும். வாகைக்குளத்தில் உள்ள தூத்துக்குடி விமான நிலையத்தின் ஓடுதளம் இப்போது 3 கி.மீ.க்கும் அதிக நீளமுடையது. புதிய முனையம் 2025 ஜூலையில் திறக்கப்பட்டது. அதைப் பேரிடர்க்கால முன்தளமாகப் பயன்படுத்தும் திட்டம் எழுத்தில் இருக்க வேண்டும். ஆற்றங்கரை ஒன்றியங்கள் ஒவ்வொன்றிலும், வெள்ளம் எட்டாத மேட்டு நிலத்தில் ஹெலிகாப்டர் இறங்கும் இடங்களை மாவட்ட நிர்வாகங்கள் குறித்துவைத்து, அவற்றை விமானப் படையிடம் முன்கூட்டியே அளிக்க வேண்டும். ஆண்டுதோறும் ஐப்பசிக்கு முன் கூட்டு ஒத்திகை நடத்த வேண்டும்.

இவற்றுக்குப் பெருஞ்செலவு ஆகாது. பொதிகைக்கு அப்பால் இருக்கும் தலைமையகத்துக்கு இப்பள்ளத்தாக்கின் வரைபடம் மழைக்கு முன்பே சென்று சேர்ந்திருந்தால், அடுத்த வெள்ளத்தில் முதல் ஹெலிகாப்டர் சில மணி நேரம் முன்னதாக வந்து சேரும். நீர் சூழ்ந்த ரயில் பெட்டியில் காத்திருந்தவர்களுக்கு அந்தச் சில மணி நேரத்தின் மதிப்பு தெரியும்.