சுவர் விளையாட்டில் இல்லை, விரலில்!

“டாக்டர், வீடியோ கேமில் ஒரே கட்டத்தில் மாட்டிக்கிட்டு ராத்திரியெல்லாம் தூங்க மாட்டேங்கிறான்!” இப்படிப் பையனோடு வரும் தாய்மார்களுக்கு நான் சொல்லும் கதை இது.

மாஸ்கோவில் அலெக்ஸி பஜித்னோவ் 1984-ல் உருவாக்கிய டெட்ரிஸ் தெரியுமில்லையா? நின்டெண்டோவில் 1989-ல் வந்த டெட்ரிஸில், 29-வது கட்டத்தில் கட்டைகள் விழும் வேகம் இரட்டிப்பாகும். பட்டனை அழுத்திப் பிடித்தால், கட்டை ஓரத்துக்குப் போவதற்குள் கீழே விழுந்துவிடும். அதோடு ஆட்டம் முடிந்தது என்றே பல வருஷம் நம்பினார்கள். பிறகு சிலர் பட்டனைப் படபடவென்று தட்டித் தாண்டினார்கள். அடுத்து, பட்டன்மேல் கட்டைவிரலை லேசாக வைத்து, மற்ற விரல்களால் கருவியின் முதுகில் தாளம் போடும் முறை வந்தது. 2023 டிசம்பரில் அமெரிக்காவின் ஓக்லஹோமா பையன் ஒருவன், வயது 13, 157-வது கட்டத்தில் விளையாட்டையே உறைய வைத்தான்! “விரலில் உணர்ச்சியே இல்லை” என்றானாம்.

அவனுக்கு அது சந்தோஷப் படபடப்பு. உங்கள் பிள்ளைக்கு அடிக்கடி விரல் மரத்தால் அலட்சியம் வேண்டாம், வைத்தியரிடம் காட்டுங்கள். அரைமணிக்கு ஒருமுறை எழுந்து தூரத்தில் பார்க்கட்டும். மணிக்கட்டில் இளஞ்சூடான நல்லெண்ணெய் தடவிவிடுங்கள். முக்கியமாக, தூங்கவிடுங்கள். விரல் பழகிய வித்தை தூக்கத்தில்தான் மூளையில் படியும். பிடுங்கி வைக்காதீர்கள், காலையில் அவனே தாண்டிவிடுவான்!