மேகத்தில் ஒரு டோக்கன்

தீபாவளிக்கும் கோடை விடுமுறைக்கும் நம் சங்க உறுப்பினர்கள் பலர் வீட்டில் இது நடக்கிறது. புணேயிலோ பெங்களூரிலோ ஹாஸ்டலில் தங்கிப் படிக்கும் பிள்ளை நாக்பூருக்கு வருகிறான். வந்த அன்றே வீட்டுக் கம்ப்யூட்டரின் முன் உட்காருகிறான். ஹாஸ்டலில் தன் லாப்டாப்பில் விளையாட்டை எந்த இடத்தில் நிறுத்தினானோ, அதே இடத்திலிருந்து இங்கே தொடர்கிறான். பென் டிரைவும் இல்லை, ஒயரும் இல்லை. எப்படி என்று கேட்டால், "கிளவுட்ல இருக்கு தாத்தா" என்று ஒரே வரியில் பதில் வருகிறது.

அந்த ஒரு வரிக்குள் என்ன இருக்கிறது என்பதை, டிப்ளமா முடித்து ரயில்வே சிக்னல் பிரிவில் சேர்ந்து, அங்கேயே ஓய்வு பெற்ற எனக்குத் தெரிந்த பாஷையில் சொல்லிப் பார்க்கிறேன். விளையாட்டுக்கு ஒரு கட்டுரையா என்று சிலர் நினைக்கலாம். ஆனால் நூறு, இருநூறு மணி நேரம் உட்கார்ந்து ஒருவர் கட்டிய ஊரும் ஓட்டிய வண்டியும் ஒரு சின்னக் கோப்புக்குள்தான் இருக்கின்றன. அந்தக் கோப்பு போனால் அத்தனை உழைப்பும் போனதுதான். அப்படிப் போகப் பார்த்த ஒன்றை அருகில் இருந்து பார்த்திருக்கிறேன். அதைப் பின்னால் சொல்கிறேன்.

ஸேவ் என்றால் என்ன?

விளையாட்டின் நிரல் வேறு, நாம் விளையாடிய கணக்கு வேறு. நிரல் பல ஜிகாபைட் இருந்தாலும் எப்போது வேண்டுமானாலும் மறுபடி இறக்கிக்கொள்ளலாம். எந்தக் கட்டத்தில் இருக்கிறோம், கையில் என்ன இருக்கிறது, எந்தக் கதவு திறந்திருக்கிறது என்ற குறிப்புகள் மட்டும் தனிக் கோப்பாக எழுதப்படுகின்றன. அதுதான் ஸேவ். நிரலை ஸ்டேஷன் கட்டிடம் என்று வைத்துக்கொண்டால், மாஸ்டரின் மேஜையில் இருக்கும் டிரெயின் ரிஜிஸ்டர்தான் ஸேவ். கட்டிடத்தைத் திரும்பக் கட்டிவிடலாம். ரிஜிஸ்டரைத் திரும்ப எழுத முடியாது.

இந்த ரிஜிஸ்டரைக் காப்பாற்றுவது ஆரம்ப நாளிலிருந்தே தொல்லைதான். ஜப்பானின் நின்டெண்டோ நிறுவனம் 'தி லெஜண்ட் ஆஃப் ஸெல்டா' என்ற விளையாட்டை 1986-ல் அந்த நாட்டில் டிஸ்க்கிலும், 1987-ல் அமெரிக்காவில் கார்ட்ரிட்ஜிலும் வெளியிட்டது. அமெரிக்கக் கார்ட்ரிட்ஜுக்குள் ஒரு சிறு பேட்டரி இருந்தது. பெட்டியை அணைத்தாலும் கணக்கு அழியாமல் அது பார்த்துக்கொண்டது. ஆனால் ரீஸெட் பட்டனை அமுக்கிப் பிடித்துக்கொண்டுதான் பவரை அணைக்க வேண்டும் என்று விளையாடுபவருக்குச் சொல்லியிருந்தார்கள். இல்லாவிட்டால் கணக்கு கெட்டுப்போகலாம். கருவி எவ்வளவு நல்லதாக இருந்தாலும் அதை மூடுவதற்கு ஒரு முறை உண்டு. இன்றைய கிளவுட்டுக்கும் அது பொருந்தும்.

மேகம் என்ன செய்கிறது?

பிசி விளையாட்டுகளை விற்கும் 'ஸ்டீம்' என்ற இணையக் கடையை அமெரிக்காவின் வால்வ் நிறுவனம் 2003-ல் தொடங்கியது. 2008-ல் அதில் 'ஸ்டீம் கிளவுட்' வசதி வந்தது. 'எபிக்' கடையில் இவ்வசதி 2019-ல் வந்தது. 'ஜிஓஜி' என்ற கடையின் கேலக்ஸி நிரலிலும் இது உண்டு.

வேலை செய்யும் விதம் ஏறக்குறைய ஒன்றுதான். விளையாட்டைத் திறக்கும்போது, இந்த மெஷினில் இருப்பதைவிடப் புதிய ஸேவ் மேகத்தில் இருக்கிறதா என்று கடையின் நிரல் பார்க்கும். இருந்தால் இறக்கிக்கொள்ளும். விளையாட்டை மூடியதும், மாறிய கோப்புகளை மேகத்துக்கு ஏற்றிவிடும். மேகம் என்று பெயரே தவிர, எங்கோ ஒரு கட்டிடத்தில் வரிசையாக நிற்கும் கம்ப்யூட்டர்கள்தான் அவை.

ஏற்றும் வேலை பெரும்பாலும் விளையாட்டை மூடிய பிறகுதான் நடக்கிறது என்பதைக் கவனியுங்கள். விளையாட்டை மூடாமல் லாப்டாப்பின் மூடியை மட்டும் சாத்தினாலோ, அந்த நேரம் பார்த்து இணைப்பு அறுந்தாலோ, ஏற வேண்டியது ஏறாமல் அந்த மெஷினிலேயே நின்றுவிடும். 2022-ல் வெளிவந்த 'ஸ்டீம் டெக்' என்ற கைக்கருவி, உறங்கப் போகும்போதே ஏற்றிவிட ஓர் ஏற்பாடு செய்திருக்கிறது. ஆனால் விளையாட்டைத் தயாரித்தவரும் அதற்கு இடம் கொடுத்திருக்க வேண்டும்.

ஒற்றைப் பாதையும் ஒரு டோக்கனும்

ரயில்வேயில் வேலை பார்த்தவர்களுக்கு நீல்ஸ் பால் டோக்கன் கருவியை நான் அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். இரண்டு ஸ்டேஷன்களுக்கு நடுவே ஒற்றைப் பாதை இருந்தால், இருபுறமிருந்தும் வண்டி புறப்பட்டுவிடக் கூடாது. அதற்காக இரண்டு ஸ்டேஷன்களிலும் மின்சாரத்தால் பிணைத்த இரு கருவிகள் இருக்கும். ஒரு நேரத்தில் ஓர் உலோகப் பந்துதான் வெளியே வரும். அந்தப் பந்தைப் பிரம்பு வளையத்தில் கட்டிய பையில் வைத்து டிரைவரிடம் கொடுப்பார்கள். அது கையில் இருந்தால்தான் அவர் வண்டியை எடுக்கலாம். அந்தப் பந்து மறுபடி கருவிக்குள் போகும்வரை அடுத்த பந்து வராது.

உங்கள் ஸேவும் ஒற்றைப் பாதைதான். ஹாஸ்டல் லாப்டாப் ஒரு ஸ்டேஷன், வீட்டுக் கம்ப்யூட்டர் இன்னொரு ஸ்டேஷன். ஒரு மெஷினில் மூடி, ஏற்றம் முடிந்த பிறகே அடுத்த மெஷினில் திறக்க வேண்டும். நீல்ஸ் கருவி நம் கையைக் கட்டிப்போடும். மேகம் அவ்வளவு கண்டிப்பானது அல்ல. பல நேரம் எச்சரிக்கும், ஆனால் நாம் பிடிவாதம் பிடித்தால் வழி விட்டுவிடும்.

இரண்டு மெஷினிலும் தனித்தனியே விளையாடிவிட்டால் என்ன ஆகும்? ஸ்டீம் ஒரு பெட்டியைத் திரையில் காட்டும். இந்த மெஷினில் உள்ள ஸேவின் தேதியும் நேரமும் ஒருபுறம், மேகத்தில் உள்ளதன் தேதியும் நேரமும் மறுபுறம். எதை வைத்துக்கொள்கிறீர்கள் என்று கேட்கும். ஒன்றைத் தேர்ந்தெடுத்தால் மற்றதன் மேல் அது எழுதப்பட்டுவிடும். இந்தக் கேள்விக்கு அவசரப்பட்டுப் பதில் சொல்லக் கூடாது. பெட்டியை ரத்து செய்துவிட்டு, மெஷினில் உள்ள ஸேவ் கோப்புறையை வேறிடத்தில் ஒரு பிரதி எடுத்துவைத்த பிறகு தேர்ந்தெடுக்கலாம். பெட்டி காட்டுவது எது பிந்தியது என்பதைத்தான். எது வேண்டியது என்பது விளையாடியவருக்குத்தான் தெரியும்.

கேஜ் மாறும் இடம்

எல்லா விளையாட்டுகளுக்கும் இவ்வசதி இல்லை. ஸ்டீம் கடையில் அந்தந்த விளையாட்டின் பக்கத்தில் ஸ்டீம் கிளவுட் என்று குறித்திருக்கிறதா என்று வாங்கும் முன்பே பார்த்துக்கொள்ளலாம். சிலவற்றில் நாமாகச் சொல்ல வேண்டும். 2012-ல் வந்த 'யூரோ டிரக் ஸிமுலேட்டர் 2' லாரி ஓட்டும் விளையாட்டு. என் வயதுக்காரர்கள் பலரும் விரும்புவது. அதில் புதிதாக ஓட்டுநர் கணக்குத் தொடங்கும்போதே ஸ்டீம் கிளவுட்டைப் பயன்படுத்தவா என்று ஒரு கட்டம் இருக்கிறது. அதில் டிக் செய்யாவிட்டால் அந்தக் கணக்கு மெஷினிலேயே தங்கிவிடும்.

ஸ்டீமில் வாங்கியதன் ஸேவ் எபிக் கடைக்குத் தானாகப் போகாது. பிராட் கேஜ் வண்டி நேரோ கேஜில் ஏறாதது போலத்தான். அதற்கு விளையாட்டைத் தயாரித்தவரே நடுவில் ஓர் ஏற்பாடு செய்ய வேண்டும். 'விட்சர் 3' விளையாட்டுக்கு 2022 டிசம்பரில் அப்படி ஓர் ஏற்பாடு வந்தது. 2023-ல் வந்த 'பால்டர்ஸ் கேட் 3'-ல், தயாரித்த லேரியன் நிறுவனத்தின் கணக்கு வழியாக பிசியிலிருந்து டிவி விளையாட்டுப் பெட்டிக்கும் ஸேவைக் கொண்டுபோகலாம்.

சாவ்னேர் முதல் சிந்த்வாடா வரை

இனி நான் சொல்வதாகச் சொன்ன விஷயம். நம் சங்கத்து மூத்த உறுப்பினர் ஒருவர், என் நெடுநாள் நண்பர், நாக்பூர் - சிந்த்வாடா நேரோ கேஜ் பாதையில் ஸ்டேஷன் மாஸ்டராக இருந்தவர். இரண்டரை அடி அகலமுள்ள அந்தப் பாதை, பிராட் கேஜாக மாற்றுவதற்காக 2015-ல் மூடப்பட்டது. அவர் மனம் அதை விட்டு வரவில்லை.

புணேயில் படிக்கும் பேரன் அவருக்கு 'ஓப்பன் டிடிடி' என்ற விளையாட்டைக் கற்றுக்கொடுத்தான். கிறிஸ் ஸாயர் 1994-ல் வெளியிட்ட 'டிரான்ஸ்போர்ட் டைக்கூன்' வழியில், ஆர்வலர்கள் 2004 முதல் இலவசமாக வழங்கிவரும் விளையாட்டு அது. தண்டவாளம் போடலாம், சிக்னல் வைக்கலாம், ஸ்டேஷனுக்கு நாம் விரும்பும் பெயர் வைக்கலாம். தாத்தா சாவ்னேர், சௌசர், ராமாகோனா என்று ஒவ்வொன்றாகத் தன் பாதையைப் போட ஆரம்பித்தார். பேரன் புணேயிலிருந்து வண்டிகளின் ஓட்டத்தைச் சரிபார்ப்பான். இருவருக்கும் ஒரே ஸேவ். டாக்குமென்ட்ஸுக்குள் அந்த விளையாட்டின் பெயரில் இருக்கும் ஸேவ் கோப்புறையை, 'ஸிங்க்திங்' என்ற இலவச நிரலால் பையன் இரண்டு மெஷினிலும் இணைத்து வைத்திருந்தான். அந்த நிரலுக்கு நடுவில் கடையும் வேண்டாம், மேகமும் வேண்டாம். இரண்டு மெஷினும் ஒரே நேரத்தில் இணைப்பில் இருந்தால் போதும்.

ஒரு மழைக்காலத்தில் நண்பர் வீட்டு இணைப்பு 3 வாரம் அறுந்து கிடந்தது. அவர் பாட்டுக்கு ராமாகோனாவைத் தாண்டி மலைப்பாதையைப் போட்டுக்கொண்டிருந்தார். புணேயில் பேரனும் தன்னிடம் இருந்த பழைய பிரதியில் ஏதோ மாற்றம் செய்து, அதே பெயரில் ஸேவ் செய்தான். இணைப்பு வந்த அன்று இரண்டும் மோதின. பேரனுடையது நேரத்தால் பிந்தியது என்பதால் அதுவே நின்றது.

அன்று மாலை நண்பரிடமிருந்து போன் வந்தது. "என்னங்க சார், மலையேற்றம் மொத்தமும் காணோமே! நான் போட்டதெல்லாம் எங்கே போச்சு?" என்றார். குரல் தழுதழுத்தது. உடனே அவர் வீட்டுக்குப் போனேன். ஸிங்க்திங் இந்த மாதிரி நேரத்தில் முந்தைய கோப்பை அழிப்பதில்லை. மோதல் என்று பெயரில் சேர்த்து, தேதியும் போட்டு, அதே கோப்புறையில் ஒதுக்கி வைக்கும். நீளமான பெயருடன் அது அங்கேயே இருந்தது. திறந்தோம். மலைப்பாதை அப்படியே இருந்தது. பேரனின் சில மணி நேர வேலையை விட்டுவிட்டு, தாத்தாவின் 3 வாரத்தை வைத்துக்கொண்டார்கள். தேதி சொன்னபடி கேட்டிருந்தால் முடிவு தலைகீழாக ஆகியிருக்கும்.

ஸிங்க் வேறு, பிரதி வேறு

ஸிங்க் செய்து வைத்திருப்பதால் பத்திரமாக இருக்கிறது என்று பலர் நம்புகிறார்கள். ஸிங்கின் வேலை, இங்கே உள்ளபடியே அங்கேயும் ஆக்குவது. இங்கே கோப்பு கெட்டால், கெட்ட கோப்பு அங்கேயும் போய்ச் சேரும். இங்கே அழித்தால் அங்கேயும் அழியலாம்.

மேகம் இருக்கும் கட்டிடத்துக்கும் ஆபத்து வரும். 2021 மார்ச் 10-ம் தேதி பிரான்சின் ஸ்ட்ராஸ்பூர்கில் ஓவிஎச் நிறுவனத்தின் டேட்டா சென்டரில் தீப்பிடித்தது. 'ரஸ்ட்' என்ற விளையாட்டின் ஐரோப்பிய சர்வர்கள் பல அங்கே இருந்தன. அவற்றில் இருந்த ஆட்டங்களின் தகவல் மீளவே இல்லை. தீ வேண்டாம், ஒரு தீர்மானமே போதும். 2019-ல் தொடங்கிய தன் 'ஸ்டேடியா' விளையாட்டுச் சேவையை கூகிள் 2023 ஜனவரியில் மூடிவிட்டது.

ஆகவே மாதம் ஒருமுறை ஸேவ் கோப்புறையைப் பென் டிரைவிலோ வெளி டிஸ்க்கிலோ பிரதி எடுங்கள். எந்த விளையாட்டு எந்தக் கோப்புறையில் எழுதுகிறது என்பதை 'பிசி கேமிங் விக்கி' என்ற தளம் பட்டியலிட்டிருக்கிறது. 'லுடுஸாவி' என்ற இலவச நிரல், மெஷினில் உள்ள ஸேவ்களைத் தேடிப்பிடித்து மொத்தமாகப் பிரதி எடுத்துத் தரும். ஸ்டீம் மேகத்தில் இருக்கும் கோப்புகளை, பிரவுசரில் உங்கள் கணக்கைத் திறந்தும் இறக்கிக்கொள்ளலாம். அடுத்த மெஷினுக்குப் போகும் முன், விளையாட்டை முறையாக மூடி, ஏற்றம் முடிந்ததா என்று ஒரு நிமிடம் நின்று பாருங்கள்.

இன்னொரு காரணமும் இருக்கிறது. ஸ்டீம் கணக்கை இன்னொருவர் பெயருக்கு மாற்றிக்கொடுக்க அதன் ஒப்பந்தம் இடம் தருவதில்லை. வீட்டில் ஒருவர் இல்லாமல் போனால், மேகத்தில் இருப்பது அவர் கணக்கோடு நின்றுவிடும். கையில் பிரதி இருந்தால் அது வீட்டாருக்கு.

என் நண்பர் சென்ற ஆண்டு காலமானார். காரியங்கள் எல்லாம் முடிந்த பிறகு பேரன் என்னிடம் தனியாக வந்து, அந்த ஸேவ் தன்னிடம் மட்டும்தான் இருக்கிறதா என்று கேட்டான். அவனுடைய லாப்டாப்பில் ஒன்று, அவர்கள் வீட்டு வெளி டிஸ்க்கில் ஒன்று, என் மேஜை டிராயரில் பென் டிரைவில் ஒன்று என்று சொன்னேன். பாதை உமரானாலா வரை வந்திருக்கிறது. சிந்த்வாடா வரைக்கும் போட்டு முடிக்கப் போவதாகச் சொல்லிவிட்டுப் புணேக்குப் போயிருக்கிறான்.