ஒரே ஆல்பம், இரண்டு மொழிகள்
லண்டனில் ஆங்கிலத்தில் பாடிப் பார்த்துவிட்டு, மாட்ரிட் புறநகர்ப் பையன்களின் ஸ்பானிஷுக்கே திரும்பியது பரோன் ரோஹோ. அதற்கு அவர்கள் கொடுத்த விலையும், பெற்ற பலனும்.

லண்டனுக்கு மேற்கே சுமார் 60 கிலோமீட்டரில் இருக்கிறது ரீடிங். ஆகஸ்ட் கடைசியில் அங்கே திறந்த வெளியில் ராக் திருவிழா நடக்கும். பிடிக்காத குழு மேடையேறினால் பாட்டில்கள் பறந்து வரும் என்று அந்தக் கூட்டத்துக்கு ஒரு பெயர் உண்டு. 1982-ல் அயர்ன் மெய்டன், மைக்கேல் ஷெங்கர் குரூப், பட்ஜி என்று பெரிய தலைகள் வரிசையாக இருந்த அந்த மேடையில், பிரிட்டிஷ் ரசிகர்களுக்குச் சரியாக உச்சரிக்கக்கூட வராத பெயருடன் நான்கு பேர் ஏறினார்கள். ஊர் மாட்ரிட். குழுவின் பெயர் பரோன் ரோஹோ. முதல் உலகப் போரில் 80 எதிரி விமானங்களை வீழ்த்தி, 1918 ஏப்ரலில் தானும் வீழ்ந்த ஜெர்மானிய விமானி மன்ஃப்ரெட் ஃபான் ரிக்ட்ஹோஃபனின் பட்டப்பெயர் அது: சிவப்புப் பிரபு.

ஹெவி மெட்டலின் தாயகத்துக்கே போய்ப் பாடிய அந்தக் கோடைக் காலம் குழுவின் வாழ்க்கையில் உச்சம் போலத் தோன்றும். உண்மையில் அது ஒரு நாற்சந்தி. கையில் அப்போது அவர்களுடைய இரண்டாவது ஆல்பம் இருந்தது. அதுவும் இரண்டு மொழிகளில்.

ஸ்பெயினில் ராக் பாடுகிறவர்களுக்கு மொழி ஒரு பழைய தலைவலி. ஜெனரல் ஃபிராங்கோவின் ஆட்சியில் பாடல் வரிகள் தணிக்கைக்குப் போயாக வேண்டும். அட்டைப்படம் கூடத் தப்பாது: ரோலிங் ஸ்டோன்ஸின் 'ஸ்டிக்கி ஃபிங்கர்ஸ்' 1971-ல் ஸ்பெயினில் வெளியானபோது, ஜீன்ஸ் அணிந்த இடுப்புக்குப் பதிலாக ஒரு டப்பாவிலிருந்து விரல்கள் எட்டிப் பார்க்கும் படத்தைப் போட்டார்கள். (எதைப் பார்த்தால் இளைஞர்கள் கெட்டுப்போவார்கள் என்பதில் தணிக்கையாளர்களின் ரசனை விநோதமானது. அசல் படத்தைவிட இதுதான் கொஞ்சம் பயமுறுத்துகிறது.) வெளிநாட்டில் பெயர் வாங்கிய ஸ்பானியர்கள் எல்லோரும் ஆங்கிலத்தில் பாடித்தான் வாங்கினார்கள். லோஸ் பிராவோஸ் குழுவின் 'பிளாக் இஸ் பிளாக்' 1966-ல் பிரிட்டனில் இரண்டாம் இடம், அமெரிக்காவில் நான்காம் இடம் பிடித்தது. பாடியவர் ஒரு ஜெர்மானியர். 1970-ல் கிரானடாக்காரர் மிகேல் ரியோஸ், பேத்தோவனின் ஒன்பதாவது சிம்ஃபனி மெட்டை எடுத்துக்கொண்டு உலகம் சுற்றியதும் ஆங்கிலத்தில்தான்.

1975 நவம்பரில் ஃபிராங்கோ இறந்தார். 1978-ல் புதிய அரசியல் சட்டம் வந்தது. இந்த இடைவெளியில் மாட்ரிட்டின் தெற்கு, கிழக்குப் புறநகர்களில், வேலை தேடி வந்த குடும்பங்கள் நெருக்கியடித்து வாழ்ந்த அடுக்குமாடிக் குடியிருப்புகளில், ஒரு புது ராக் கிளம்பியது. அதன் மொழி தெரு ஸ்பானிஷ். கரபன்செல் பகுதியிலிருந்து வந்த ரொசெந்தோவின் லேன்யோ, வயேகாஸ் பையன்களின் ஒபுஸ் என்று குழுக்கள் முளைத்தன. வானொலிக்காரரான 'மரிஸ்கால்' ரொமேரோ தொடங்கிய சாப்பா என்ற இசைத்தட்டு வரிசைதான் இவர்களில் பலருக்கு முதல் கதவைத் திறந்தது.

பரோன் ரோஹோ 1980-ல் உருவானதும் இந்தச் சூழலில்தான். அர்மாண்டோ தெ காஸ்த்ரோ, கார்லோஸ் தெ காஸ்த்ரோ என்ற அண்ணன் தம்பி இருவரும் கிதார். கோஸ் என்ற குழுவில் இருந்தவர்கள். அந்தக் குழு எளிதில் விற்கும் பாடல்களின் பக்கம் சாய்ந்ததும் வெளியேறினார்கள். பேஸ் கிதாருக்கு ஹோஸே லூயிஸ் கம்புசானோ வந்தார். எல்லோருக்கும் அவர் 'ஷெர்பா'. டிரம்ஸுக்கு உருகுவே நாட்டுக்காரர் ஹெர்மெஸ் கலாப்ரியா. மேடையில் தெரியாத ஐந்தாவது ஆளும் ஒருவர் உண்டு: ஷெர்பாவின் மனைவி கரோலினா கோர்தேஸ். முக்கியமான பல பாடல்களின் வரிகளில் அவர் கை இருக்கிறது. தோல் ஜாக்கெட்டும் ஆணிப் பட்டையுமாக ஆண்கள் மட்டுமே தெரிகிற ஒரு உலகத்தின் சொற்களில் பாதியை ஒரு பெண் எழுதிக் கொடுத்தார் என்பது, அந்தப் பாடல்களைத் தொண்டை கிழியப் பாடிய பையன்களில் எத்தனை பேருக்குத் தெரிந்திருக்கும்?

முதல் ஆல்பம் 'லார்கா விதா அல் ராக் அண்ட் ரோல்' (ராக் அண்ட் ரோல் நீடூழி வாழ்க) 1981-ல் வந்தது. அதே 1981-ன் பிப்ரவரி 23 அன்று லெப்டினன்ட் கர்னல் தெஹெரோ துப்பாக்கியுடன் நாடாளுமன்றத்துக்குள் புகுந்து கூரையை நோக்கிச் சுட்டார். ராணுவப் புரட்சி ஓர் இரவில் தோற்றுப்போனாலும், கிடைத்த சுதந்திரம் எவ்வளவு மெலிது என்பது தெரிந்துவிட்டது. நீண்ட முடியும் பெரும் சத்தமுமாக அலைந்த ஒரு தலைமுறைக்கு 'ரோஹோ', அதாவது சிவப்பு, என்ற சொல் வெறும் விமானியின் நிறம் இல்லை. உள்நாட்டுப் போரில் தோற்ற குடியரசுக் கட்சியினரை ஃபிராங்கோவின் ஆட்கள் திட்டிய சொல்லும் அதுதான். குழுவினர் விமானியைத்தான் நினைத்தார்கள். ஆனால் ஒரு சொல் எந்த ஊரில் காலூன்றுகிறதோ, அந்த ஊரின் பொருளையும் கொஞ்சம் ஒட்டிக்கொள்கிறது.

அடுத்த வருடம் லண்டன். டீப் பர்ப்பிள் புகழ் இயன் கில்லனின் கிங்ஸ்வே ஒலிப்பதிவுக் கூடத்தில் 'வொலுமென் புருதால்' தயாரானது. 'கொடூர சத்தம்' என்று தமிழில் சொல்லலாம். கில்லனின் குழுவில் கீபோர்டு வாசித்த காலின் டவுன்ஸ், கிங் கிரிம்சனில் இருந்த சாக்ஸஃபோன் கலைஞர் மெல் காலின்ஸ் ஆகியோர் வந்து வாசித்துவிட்டுப் போனார்கள். ஸ்பானிஷ் பதிப்பு முடிந்த பிறகு வெளிநாட்டுச் சந்தைக்காக அதே பாடல்களை ஆங்கிலத்திலும் பாடிப் பதிவு செய்தார்கள். அந்த வருடக் கடைசியில் ஹாக்விண்ட் குழுவின் பிரிட்டிஷ் சுற்றுப்பயணத்தில் முன்னணிக் கச்சேரி செய்யும் வாய்ப்பும் கிடைத்தது. ஜெர்மனியின் ஸ்கார்ப்பியன்ஸ் ஆங்கிலத்தில் பாடி உலகத்தைப் பிடித்தது போல இவர்களும் பிடிக்கலாம் என்று கணக்குப் போட்டிருந்தால் தப்பில்லை.

கணக்கு பலிக்கவில்லை. இரண்டு பதிப்புகளையும் அடுத்தடுத்துக் கேட்டால் காரணம் காதிலேயே விழும்.

மொழிபெயர்த்துப் பிழைக்கிறவன் என்ற முறையில் இங்கே கொஞ்சம் நின்றுவிட்டுப் போகிறேன். அந்த ஆல்பத்தின் ஒரு பாடலுக்குப் பெயர் 'ரெசிஸ்திரே'. ஒரே சொல். 'நான்' என்பது தனியாக வராது. வினையின் விகுதியிலேயே இருக்கிறது. எதிர்காலமும் அதிலேயே. தமிழ் வாசகருக்கு விளக்கவே தேவையில்லை: 'தாக்குப்பிடிப்பேன்.' ஆங்கிலத்திலோ நான் என்று ஒரு சொல், எதிர்காலத்துக்கு ஒரு சொல், வினைக்கு ஒரு சொல் என்று மூன்றாக உடைக்க வேண்டும். அதைவிட முக்கியம் ஓசை. ஸ்பானிஷில் பெரும்பாலான சொற்களுக்கு அழுத்தம் கடைசிக்கு முந்தைய அசையில் விழும். ஆனால் தன்மை ஒருமை எதிர்கால வினைக்கு அழுத்தம் கடைசி 'ஏ'யில். பாடகர் அந்த 'ஏ'யை மூச்சு இருக்கும் வரை இழுக்கலாம். பத்தாயிரம் பேர் சேர்ந்து இழுக்கலாம். நீட்டி முழங்குவதற்கென்றே செய்து வைத்தது போன்ற சொல். ஆங்கிலத்தில் அந்த வினை ஒரு மெய்யெழுத்துக் கொத்தில் போய் மோதி நிற்கிறது.

உச்சரிப்பு இன்னொரு சிக்கல். 'ஸ்கூல்' என்பதை நம் ஊரில் 'இஸ்கூல்' என்பது போல, ஸ்பானியர் முன்னால் ஒரு 'எ' போட்டுக்கொள்வார்கள். பேச்சில் அது அழகு. ஹெவி மெட்டலில், அதுவும் லண்டன்காரன் காதுக்கு, ஒவ்வொரு வரியிலும் 'இவன் வெளியூர்க்காரன்' என்று அறிவித்துக்கொண்டே இருக்கும். வார்த்தையில் கவனம் போனதும் பாடுகிறவரின் திமிர் குறைந்துவிடுகிறது. ஹார்ட் ராக்கில் திமிரை எடுத்துவிட்டால் மிச்சமிருப்பது சத்தம்தான்.

இதே ஆல்பத்தில் 'லோஸ் ராக்கெரோஸ் வான் அல் இன்ஃபியர்னோ' என்ற பாடலும் இருக்கிறது. ராக்காரர்கள் நரகத்துக்குப் போகிறார்கள் என்று பொருள். சில வருடங்கள் முன்பு வரை கத்தோலிக்கம் அரசு மதமாக இருந்த நாட்டில், பாதிரியாரின் மிரட்டலை எடுத்து மார்பில் பதக்கமாகக் குத்திக்கொள்ளும் வேலை இது. மாட்ரிட்டில் அது கலகம். பிளாக் சாபத்தைப் பத்துப் பன்னிரண்டு வருடம் கேட்டுப் பழகிய பிரிட்டனில் அது இன்னொரு நரகப் பாட்டு, அவ்வளவே. 'கோன்சியெர்தோ பாரா எயோஸ்' பாடலில் ஜிமி ஹென்ட்ரிக்ஸ், ஜேனிஸ் ஜாப்ளின், ஜான் லென்னன் என்று மறைந்தவர்களைப் பெயர் சொல்லி அழைக்கிறார்கள். அந்த ஆங்கில தெய்வங்களுக்கு ஸ்பானிஷில் அஞ்சலி செய்தபோது அதில் ஒரு உரிமை ஒலித்தது. ஆங்கிலத்திலேயே செய்தபோது விருந்தாளியின் மரியாதையாகச் சுருங்கிவிட்டது.

குழு பாடத்தைச் சீக்கிரம் கற்றுக்கொண்டது. 1983-ல் வந்த 'மெட்டல்மோர்ஃபோசிஸ்' முதல், நம்பியது ஸ்பானிஷைத்தான். சொல்லோடு விளையாடும் குஷியும் திரும்பியது. அந்தத் தலைப்பே மெட்டலையும் உருமாற்றத்தையும் ஒட்டிய சொல். 1985-ன் ஆல்பத்துக்கு 'என் உன் லுகார் தெ லா மார்ச்சா' என்று பெயர்: செர்வான்டிஸின் 'டான் குவிக்சோட்' தொடங்கும் இடத்தில் வரும் ஊர்ப்பெயர் மன்ச்சாவில் ஒரே எழுத்தை மாற்றி, 'மார்ச்சா', அதாவது கும்மாளம், ஆக்கிவிட்டார்கள். ஸ்பானியப் பள்ளிக்கூடத்தில் படித்த எவனும் சிரிப்பான். வேறு எந்த மொழிக்கும் இதைக் கொண்டுபோக முடியாது. நான் முயன்று பார்த்துக் கைவிட்டேன்.

1984 பிப்ரவரி 10, 11 தேதிகளில் ரியால் மாட்ரிட் சங்கத்தின் விளையாட்டு அரங்கில் நடந்த கச்சேரிகளை 'பரோன் அல் ரோஹோ விவோ' என்று இரட்டை இசைத்தட்டாக வெளியிட்டார்கள். பழுக்கக் காய்ந்த சிவப்பு என்பது அந்தத் தொடரின் பொருள். பரோன் ரோஹோவைப் புதிதாகக் கேட்க விரும்புகிறவர் முதலில் இதைத்தான் கேட்க வேண்டும் என்பது என் கட்சி. கிதார்களைவிட அதில் கூட்டம் நன்றாகப் பாடுகிறது. எல்லா வரியும் மனப்பாடம்.

ஆனாலும் அந்தப் பத்தாண்டின் சரித்திரத்தை எழுதியவர்கள் இந்தக் கூட்டத்தை அவ்வளவாகக் கண்டுகொள்ளவில்லை. மாட்ரிட் என்றால் 'மொவிதா', அல்மொதோவாரின் படங்கள், அலாஸ்காவின் பாடல்கள், இளைஞர்களை அரவணைத்த முதிய பேராசிரியர் மேயர் தியெர்னோ கல்வான் என்றுதான் பத்திரிகைகள் எழுதின. நகர மையத்தின் கலைக் கூட்டம் அது. புறநகரின் தோல் ஜாக்கெட் கூட்டம் ரசனைக் குறைவானது, அரங்குகளை நிரப்பினாலும் செய்தி ஆகாதது. ஆங்கிலத்தில் ஜெயித்திருந்தால் சொந்த ஊரிலும் மதித்திருப்பார்களோ என்னவோ.

எண்பதுகளின் பிற்பாதி சரிவு. ஸ்பெயினில் ஹெவி மெட்டல் அலை வடிந்தது. அமெரிக்காவிலிருந்து இன்னும் வேகமான மெட்டல் வந்து இளையவர்களை இழுத்துக்கொண்டது. குழுவுக்குள் ஒரு பக்கம் சகோதரர்கள், மறுபக்கம் ஷெர்பாவும் ஹெர்மெஸும். 1989-ல் 'ஒப்ஸ்தினாத்தோ' வந்தபின் அந்த இருவரும் விலகினார்கள். விலகியவருடன் கரோலினா கோர்தேஸின் பேனாவும் போயிற்று. சகோதரர்கள் ஆட்களை மாற்றி மாற்றிப் பெயரைக் காப்பாற்றினார்கள். 1992-ல் 'தெசாஃபியோ', 1997-ல் 'அர்மா செக்ரெத்தா' என்று வந்த ஆல்பங்களில் கிதார் வேலைக்குக் குறையில்லை. சொற்களில் அந்தப் பழைய குறும்பு இல்லை.

அவர்கள் விட்டுச் சென்றது என்ன என்பதற்கு விற்பனைக் கணக்கு உதவாது. 1982-ல் ஸ்பெயினின் மக்கள் தொகை 3.8 கோடிதான். ஆனால் அந்த மொழி அட்லாண்டிக்கைத் தாண்டி மெக்சிகோவிலிருந்து அர்ஜென்டினா வரை பேசப்படுகிறது. அங்கேயெல்லாம் ஸ்பானிஷிலேயே ஹெவி மெட்டல் பாட முடியும் என்று நிரூபித்த முதல் சில குழுக்களில் பரோன் ரோஹோவும் ஒன்று. 1984-ல் முதல் ஆல்பம் போட்ட பாஸ்க் குழு ஆன்ஹெலெஸ் தெல் இன்ஃபியர்னோவும், 1988-ல் மாட்ரிட்டில் தொடங்கிய மாகோ தெ ஓஸும் அந்தப் பாதையில்தான் அக்கரைக்குப் போய்ப் பெரிய கூட்டம் சேர்த்தன. இன்னும் விசித்திரம்: தொண்ணூறுகளின் தொடக்கத்தில் சரகோசா நகரத்தின் ஏரோஸ் தெல் சிலென்சியோ, ஒரு சொல்லைக்கூட மாற்றாமல் ஸ்பானிஷிலேயே பாடி ஜெர்மனியைக் கவர்ந்தது. பொருள் புரியாத ஜெர்மானியப் பையன்கள் கூடவே பாடினார்கள். பரோன் ரோஹோ பத்து வருடம் தாமதமாகப் பிறந்திருந்தால் கிங்ஸ்வேயில் அந்த இரண்டாவது பதிவே நடந்திராது.

முப்பதாண்டு நிறைவை ஒட்டிப் பழைய நால்வரும் மறுபடி ஒரே மேடையில் ஏறிச் சில காலம் ஒன்றாகப் பாடினார்கள். 2012-ல் அவர்கள் கதை ஆவணப்படமாகவும் வந்தது.

2020 மார்ச்சில் கொரோனா ஊரடங்கின்போது ஸ்பெயின் முழுக்க மக்கள் பால்கனிகளில் நின்று 'ரெசிஸ்திரே' பாடினார்கள். அது இந்தப் பாட்டு இல்லை. தூவோ தினாமிகோ என்ற இரட்டையர் 1988-ல் பாடிய வேறு பாட்டு. தலைப்பு மட்டும் ஒன்று. 1984-ல் கச்சேரி நடந்த அரங்கை 2004-ல் இடித்தார்கள். அந்த மைதானம் இருந்த நிலத்தில் இப்போது வானளாவிய அலுவலகக் கோபுரங்கள் நிற்கின்றன. கூட்டம் 'ஏ' என்று இழுப்பதைக் கேட்க அந்த இரட்டைத் தட்டைத்தான் போட வேண்டும்.