கேம் ஓப்பன் ஆகவில்லை... அடுத்து என்ன செய்கிறான் உங்கள் பையன்?

விடுமுறை தொடங்கிவிட்டால் கணினி பழுதுபார்க்கும் கடைகளில் ஓயாமல் கேட்கும் புகார் ஒன்று உண்டு: “கேம் ஓப்பன் ஆக மாட்டேங்குது.” ஐகானை இரண்டு முறை தட்டுகிறார்கள். மவுஸ் அம்பின் பக்கத்தில் வட்டம் ஒரு நொடி சுற்றுகிறது. பிறகு ஒன்றுமில்லை. பிழைச் செய்திகூட வருவதில்லை. டாஸ்க் மேனேஜரைத் திறந்துவைத்துக்கொண்டு கவனித்தால், கேமின் பெயர் பட்டியலில் தலைகாட்டிவிட்டு உடனே மறைந்துபோவது தெரியும்.

மதுரையில் பல வருடங்களாக லேப்டாப் சர்வீஸ் செய்துவரும் ஒருவரிடம் இதைப் பற்றிப் பேசினேன். பெயர் போட வேண்டாம் என்றார். “கேம் ஓப்பன் ஆகாதது ஒரு மேட்டரே இல்ல சார். அத ஓப்பன் பண்ணியே தீரணும்னு பசங்க என்னென்ன பண்ணிட்டு வர்றாங்க பாருங்க, அதுதான் எனக்குப் பயமா இருக்கு” என்றார். அவரிடம் பேசிவிட்டு வந்ததிலிருந்து அந்தப் பயம் எனக்கும் தொற்றிக்கொண்டது.

முதலில் கேமைத் திறக்கும் வழியைப் பார்த்துவிடுவோம்.

கேம் ஏன் விழுந்தது என்பதை விண்டோஸ் பெரும்பாலும் எழுதிவைக்கிறது. ஸ்டார்ட் பொத்தானைத் தட்டி, ‘ரிலையபிலிட்டி’ என்று ஆங்கிலத்தில் டைப் செய்தால் ‘ரிலையபிலிட்டி ஹிஸ்டரி’ வரும். நாள்வாரியாகக் கட்டங்கள் இருக்கும். ஏதாவது நிரல் விழுந்த நாளில் சிவப்புக் குறி இருக்கும். அதற்குள் போனால் ‘ஃபால்ட் மாட்யூல் நேம்’ என்ற வரியைக் காணலாம். விழும் நேரத்தில் எந்தக் கோப்பு ஓடிக்கொண்டிருந்தது என்பதை அது சொல்லும். அது கிராஃபிக்ஸ் டிரைவரின் கோப்பு என்றால் டிரைவரைப் புதிதாகப் போட வேண்டும். கேமின் மேல் ஏறி ஓடும் ஸ்கிரீன் ரெக்கார்டர் போன்ற ஓவர்லே என்றால் அதை நிறுத்திவிட்டுப் பார்க்க வேண்டும். கேமின் சொந்தக் கோப்பு என்றால், கேம் வாங்கிய லாஞ்சரிலேயே ‘வெரிஃபை’ என்று ஒரு வசதி இருக்கும். கெட்டுப்போன கோப்புகளை மட்டும் அதுவே மறுபடி இறக்கிக்கொள்ளும். அறுபது ஜிபி கேமை அழித்துவிட்டு முதலிலிருந்து இறக்குவதற்கு முன்னால் இதைச் செய்து பார்ப்பது டேட்டாவுக்கும் நல்லது, வீட்டு அமைதிக்கும் நல்லது.

பிழை எண்ணையும் பார்க்கச் சொல்கிறார் அந்த மெக்கானிக். எண்ணின் கடைசியில் 7பி என்று இருந்தால், 64 பிட் கோப்பு இருக்க வேண்டிய இடத்தில் 32 பிட் கோப்போ, அதற்கு நேர்மாறாகவோ மாட்டிக்கொண்டிருக்கிறது என்று பெரும்பாலும் முடிவு செய்யலாம். சி000001டி என்று வந்தால், கேம் கேட்கும் கட்டளை அந்த பிராசஸருக்குத் தெரியாது. ஏவிஎக்ஸ் என்ற கட்டளைத் தொகுப்பு இல்லாமல் பல புதிய கேம்கள் ஓடாது. விலை குறைந்த பென்டியம், செலரான் சிப்களில் பல தலைமுறைகளுக்கு அந்தத் தொகுப்பு கிடையாது. அப்படிப்பட்ட லேப்டாப்பில் எந்த வீடியோவைப் பார்த்து எதை மாற்றினாலும் பலன் இருக்காது. அதைப் பையனிடம் உட்கார்ந்து பொறுமையாகச் சொல்லிவிடுவதுதான் ஒரே வழி.

பழைய கேம் என்றால் காரணங்களும் பழையவை. 2003-ல் கம்ப்யூட்டருக்கு வந்த வைஸ் சிட்டியை இன்றைய விண்டோஸில் ஓட்ட முயன்று, 640க்கு 480 வீடியோ மோடு கிடைக்கவில்லை என்ற பெட்டியைப் பார்க்காதவர் குறைவு. விண்டோஸ் ஃபீச்சர்ஸ் பட்டியலில் ‘லெகசி காம்பொனன்ட்ஸ்’ என்பதற்குள் டைரக்ட்பிளே என்று இருக்கும். அதற்கு டிக் போட்டதும் பலருக்கு கேம் ஓடிவிடுகிறது. சிடியில் வாங்கிய கேம்களின் கதை கொஞ்சம் வருத்தமானது. சேஃப்டிஸ்க் என்ற காப்புப் பூட்டோடு வந்தவற்றை 2015-ல் வெளியான விண்டோஸ் 10 ஏற்றுக்கொள்வதில்லை. பூட்டுக்கான டிரைவரில் பாதுகாப்பு ஓட்டை இருந்ததால் அதை எடுத்துவிட்டார்கள். காசு கொடுத்து வாங்கிய அசல் சிடி அலமாரியில் இருக்கும், கேம் மட்டும் திறக்காது.

இன்னொரு காரணம் நம் மொழியோடு சேர்ந்தது. லேப்டாப்பை முதன்முதலில் தயார்செய்யும்போது, ஆசையாகப் பயனர் பெயரைத் தமிழில் வைக்கிறார்கள். இணையக் கணக்கு இல்லாமல் லோக்கல் அக்கவுன்ட் போட்டால், அந்தப் பெயரிலேயே ஒரு ஃபோல்டர் உருவாகிவிடும். யூனிகோடுக்கு முந்தைய முறையில் எழுதப்பட்ட கேம்கள் ‘கோட் பேஜ்’ என்ற எழுத்து அட்டவணையை நம்பியவை. கிரேக்கத்துக்கும் ரஷ்யனுக்கும் தாய் மொழிக்கும் அப்படி ஓர் அட்டவணை விண்டோஸில் உண்டு. தமிழுக்குக் கிடையாது. தமிழ் விண்டோஸுக்குள் வந்ததே யூனிகோடு வழியாகத்தான். ஆகவே அந்த கேம் ‘முருகன்’ என்ற ஃபோல்டரைத் தேடும்போது அதன் கையில் இருப்பது வரிசையாகக் கேள்விக்குறிகள். ஃபோல்டர் பெயரில் கேள்விக்குறியை விண்டோஸ் அனுமதிப்பதே இல்லை. செட்டிங்கை எழுத இடம் கிடைக்காமல் கேம் சத்தமில்லாமல் நின்றுவிடுகிறது. பெயரை அப்புறம் ஆங்கிலத்துக்கு மாற்றினாலும் ஃபோல்டர் பழைய பெயரிலேயே இருக்கும். ஆங்கில எழுத்தில் புதிதாக ஒரு அக்கவுன்ட் திறந்தால் தீர்ந்தது. தன் பெயரைத் தன் மொழியில் எழுதியதற்காக ஒரு பிள்ளை இவ்வளவு அலைய வேண்டியிருப்பது எனக்கு ஆத்திரமூட்டுகிறது.

இவை எல்லாமே அரை மணி நேரத்தில் முடியும் வேலைகள். ஆனால் பெரும்பாலான பிள்ளைகள் இந்த வழியில் போவதில்லை. திரையில் ஒரு பெட்டி வருகிறது: இன்ன டிஎல்எல் கோப்பு இல்லை. பெயரை அப்படியே நகலெடுத்துத் தேடுகிறார்கள். அந்த ஒற்றைக் கோப்பை மட்டும் இறக்கிக்கொள்ளச் சொல்லும் தளங்கள் வரிசையாக வருகின்றன. என் கவலை இங்கேதான் ஆரம்பிக்கிறது.

காணாமல் போனதாகச் சொல்லப்படும் கோப்புகளில் பெரும்பாலானவை இரண்டே தொகுப்புகளைச் சேர்ந்தவை. எம்எஸ்விசிபி, விசிரன்டைம் என்று தொடங்கினால் விஷுவல் சி++ ரன்டைம். டி3டிஎக்ஸ்9 என்று தொடங்கினால் டைரக்ட்எக்ஸின் 2010 ஜூன் தொகுப்பு. ‘என்கிட்டதான் டைரக்ட்எக்ஸ் 12 இருக்கே, 9 எதுக்கு?’ என்று பையன்கள் கேட்பார்கள். 12-க்குள் அந்தப் பழைய துணைக் கோப்புகள் அடங்கவில்லை, தனியாகத்தான் போட வேண்டும். இரண்டுமே விண்டோஸின் அதிகாரபூர்வத் தளத்தில் இலவசம். விஷுவல் சி++ தொகுப்பில் 32 பிட், 64 பிட் இரண்டையும் போட வேண்டும். இது தெரியாமல், யார் ஏற்றியது என்றே தெரியாத கோப்பைக் கேமின் ஃபோல்டருக்குள் கொண்டுபோய் வைக்கிறார்கள். டிஎல்எல் என்பது ஓடக்கூடிய நிரல். கேம் திறக்கும்போது அதுவும் சேர்ந்து ஓடும். தெருவில் கிடந்த மாத்திரையை, அட்டையில் பெயர் சரியாக இருக்கிறது என்று எடுத்து விழுங்குவது போன்ற காரியம் இது.

அடுத்த படி வீடியோ. ‘ஆன்டிவைரஸை ஆஃப் பண்ணிட்டு இதை ரன் பண்ணுங்க’ என்று நிதானமான குரலில் ஒருவர் சொல்கிறார். கீழே ஒரு ஜிப் கோப்பு, அதைத் திறக்க ஒரு பாஸ்வேர்டு. பாஸ்வேர்டு போடுவதற்குக் காரணம் இருக்கிறது. பூட்டிய ஜிப்புக்குள் என்ன இருக்கிறது என்று ஆன்டிவைரஸால் பார்க்க முடியாது. சில கோப்புகளை வெற்று பைட்டுகளால் நிரப்பி நூற்றுக்கணக்கான எம்பிக்கு ஊதி வைத்திருப்பார்கள். அவ்வளவு பெரிய கோப்பைப் பல ஸ்கேனர்கள் தொடாமல் விட்டுவிடும் என்பது அவர்கள் கணக்கு. ஆன்டிவைரஸ் சில சமயம் நல்ல கோப்பையும் பிடித்து அடைத்துவிடும் என்று கேமர்கள் சொல்வதில் உண்மை உண்டு. ஆனால் மெக்கானிக் என்னிடம் காட்டிய லேப்டாப்பில் சி டிரைவ் முழுவதுமே ஆன்டிவைரஸின் விலக்குப் பட்டியலில் இருந்தது. அந்த வீட்டின் வங்கிக் கணக்கு, அப்பாவின் வருமான வரிக் கோப்பு, அக்காவின் கல்லூரி விண்ணப்பம் எல்லாம் அதே டிரைவில். “இத எடுத்துவிடச் சொல்லி யாரும் கேக்கல சார். கேம் ஓடுனா போதும்னு சொல்லித்தான் குடுத்துட்டுப் போயிருக்காங்க” என்றார்.

2024 முதல் பரவியிருக்கும் தந்திரம் இன்னும் எளிமையானது. நீங்கள் மனிதர்தானா என்று சோதிப்பதுபோல ஒரு பக்கம் வரும். விண்டோஸ் பொத்தானோடு ‘ஆர்’ எழுத்தை அழுத்து, பிறகு பேஸ்ட் செய், பிறகு என்டர் தட்டு என்று அது சொல்லும். பிழையைச் சரிசெய்யும் வழிமுறை என்ற பெயரிலும் இதே பக்கம் வரும். அந்தப் பக்கம் நமக்குத் தெரியாமல் ஒரு கட்டளையை நகலெடுத்து வைத்திருக்கும். அதை நம் கையாலேயே ஓடவைக்கிறோம். எதையும் டவுன்லோடு செய்த ஞாபகமே இருக்காது. கேமைத் திறக்கப் பத்து வழிகளை வரிசையாகச் செய்துகொண்டிருக்கும் பதினான்கு வயதுப் பிள்ளைக்கு இது பதினோராவது வழியாகத்தான் தெரியும்.

இப்படி உள்ளே வரும் நிரல்களுக்கு இன்ஃபோஸ்டீலர் என்று பெயர். பெயருக்கேற்றபடி திருடிவிட்டுப் போய்விடும். கணினியை மெதுவாக்காது, திரையில் மிரட்டல் எழுதாது. பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்டுகளையும் குக்கிகளையும் மூட்டைகட்டி அனுப்பும். குக்கி போனால் பாஸ்வேர்டு, ஓடிபி இரண்டும் இல்லாமலே உங்கள் மின்னஞ்சலுக்குள் இன்னொருவர் நுழையலாம், ஏனென்றால் ஏற்கெனவே லாகின் ஆன நபராகவே அவரைத் தளம் பார்க்கும். வங்கித் தளங்கள் சிறிது நேரத்தில் தாமாகவே லாக் அவுட் செய்துவிடும். மின்னஞ்சல் அப்படிச் செய்வதில்லை. மற்ற கணக்குகளின் பாஸ்வேர்டை மாற்றும் இணைப்பு வருவதும் அதே மின்னஞ்சலுக்குத்தான். லும்மா என்ற இன்ஃபோஸ்டீலரை 2022-லிருந்து மாதச் சந்தாவுக்கு விற்றுக்கொண்டிருந்தார்கள். 2025 மே மாதம் பல நாடுகள் சேர்ந்து அதன் வலைப்பின்னலை முடக்கியபோது, அதற்கு முந்தைய இரண்டு மாதங்களில் மட்டும் உலகெங்கும் சுமார் 3,94,000 விண்டோஸ் கணினிகளில் அது புகுந்திருந்தது தெரியவந்தது. அதே வருடம் பிப்ரவரியில் ஒரு பெரிய கேம் கடையிலேயே, முறையாக வெளியான ஓர் இலவச கேமுக்குள் இதே வகை நிரல் இருந்தது. அதை விளையாடியவர்களுக்கு விண்டோஸை முழுவதும் அழித்துவிட்டுப் புதிதாகப் போடுவதைப் பற்றி யோசிக்கும்படி கடையே எழுத வேண்டியதாயிற்று.

திருட்டு எதுவும் இல்லாமலும் வீட்டுக் கணினி கைவிட்டுப் போகலாம். ஆன்லைன் போட்டி கேம்கள் சில, ஏமாற்றுபவர்களைத் தடுக்க செக்யூர் பூட், டிபிஎம் 2.0 என்ற பாதுகாப்பு வசதிகள் இரண்டும் இல்லாமல் திறப்பதில்லை. பையன் கணினியின் அடிப்படை அமைப்பான பயாஸுக்குள் போய் அவற்றை மாற்றுகிறான். அடுத்த முறை கணினி எழும்பும்போது நீலத் திரையில் 48 இலக்க ரிக்கவரி கீ கேட்கிறது. விண்டோஸ் 11 லேப்டாப்புகள் பலவற்றில் டிஸ்க் குறியாக்கம் தானாகவே இயங்கிக்கொண்டிருக்கும், வீட்டில் யாருக்கும் தெரியாது. கீ பெரும்பாலும் முதலில் போட்ட இணையக் கணக்கில் இருக்கும். அந்தக் கணக்கு கடைக்காரர் அவசரத்தில் உருவாக்கிக் கொடுத்தது என்றால் யாரிடம் போய்க் கேட்பது? கீ இல்லாமல் அந்த டிஸ்கை எந்த மெக்கானிக்காலும் திறக்க முடியாது. பயாஸைத் தொடும் முன் அந்த 48 எண்களை ஒரு தாளில் எழுதி வைத்துக்கொண்டால் போதும்.

மெக்கானிக் இப்போது எந்த லேப்டாப்பைக் கொடுத்தாலும் இரண்டு அக்கவுன்ட் போட்டுத்தான் திருப்பித் தருகிறார். பெற்றோருடையது அட்மின், பாஸ்வேர்டோடு. பிள்ளைக்கு ஸ்டாண்டர்டு அக்கவுன்ட். இன்ஃபோஸ்டீலர் திருடுவதற்கு அட்மின் அனுமதி தேவையே இல்லை, பயனரின் அனுமதியே அதற்குப் போதும். ஆனால் பிரவுசர் சேமிக்கும் ரகசியங்கள் அந்தந்த அக்கவுன்டின் சாவியோடு பூட்டப்படுகின்றன. பிள்ளையின் அக்கவுன்டில் ஓடுவது அம்மாவின் மின்னஞ்சலை எட்டுவது அவ்வளவு எளிதாக இருக்காது. அட்மின் பாஸ்வேர்டைப் பையனுக்குச் சொல்லிக் கொடுத்துவிட்டால் இதில் ஒரு பயனும் இல்லை. கேம் ஏதாவது பாஸ்வேர்டு கேட்டால் பெற்றோர் எழுந்து போய், என்ன கேட்கிறது என்று படித்துப் பார்த்து, தாங்களே போட வேண்டும். சீரியல் ஓடிக்கொண்டிருந்தாலும்தான்.

ஏற்கெனவே எதையோ ஓட்டியாகிவிட்டது என்று பிள்ளை வந்து சொன்னால் திட்டாதீர்கள், அடுத்த முறை சொல்லாமல் போய்விடுவான். லேப்டாப்பின் இணையத்தைத் துண்டியுங்கள். போனை எடுத்து முதலில் மின்னஞ்சலின் பாஸ்வேர்டை மாற்றுங்கள். அதே இடத்தில் எல்லாக் கருவிகளிலிருந்தும் வெளியேறும் வசதி இருக்கும், அதையும் தட்டினால்தான் திருடுபோன குக்கி செல்லாததாகும். வங்கி, சமூக ஊடகம், கேம் கணக்கு எல்லாம் அதற்குப் பிறகு. இவற்றில் எதையும் அந்த லேப்டாப்பிலிருந்து செய்யக் கூடாது. பணம் போயிருந்தால் தாமதிக்காமல் 1930 என்ற எண்ணை அழைத்துப் புகார் கொடுங்கள். போன பணம் அடுத்தடுத்த கணக்குகளுக்குக் கைமாறுவதற்குள் தகவல் போய்ச் சேர்ந்தால் அதை நிறுத்திவைக்க வழி இருக்கிறது. லேப்டாப்பில் விண்டோஸைப் புதிதாகப் போடும் வேலை மறுநாள் வரை காத்திருக்கலாம்.