ஒரு மண்டலமும் ஒரு மாத்திரையும்

மனநலப் புறநோயாளிப் பிரிவுக்குப் புதிதாக ஒருவரைக் கூட்டிவந்தால், நான் முதலில் விசாரிப்பது தூக்கத்தைப் பற்றி அல்ல. “எந்தெந்தக் கோயிலுக்குப் போயிட்டு வந்தீங்க?” என்றுதான் கேட்பேன். உடனே குடும்பத்தாரின் முகம் மாறும். டாக்டரிடம் சொன்னால் திட்டுவார் என்று மறைத்ததெல்லாம் வெளியே வரும்: கோடாங்கி உடுக்கடித்துச் சொன்னது, தர்காவில் ஓதிக் கட்டிய தாயத்து, உபவாச ஜெபம், அடகுக்குப் போன நகை.

நான் அரசு மருத்துவமனையில் மனநலச் சமூகப்பணியாளர். மருந்து எழுதுவது டாக்டரின் வேலை. அந்த மருந்து ஒரு வீட்டுக்குள் நுழைய வழி பார்ப்பது என் வேலை. படிப்பறிவு இல்லாதவர்கள்தான் சாமியிடம் ஓடுகிறார்கள் என்று வெளியே இருப்பவர்கள் நினைக்கிறார்கள். இன்ஜினியர் வீட்டிலும் செய்வினைப் பேச்சைக் கேட்டிருக்கிறேன்.

காரணம் இருக்கிறது. வேலைக்குப் போய்க்கொண்டிருந்த பையன் திடீரென்று அறைக்குள் அடைந்துகொள்கிறான். யாருமில்லாத இடத்தில் குரல் கேட்கிறது என்கிறான். சோற்றில் விஷம் இருக்கிறது என்று தட்டைத் தள்ளுகிறான். ஊர் என்ன சொல்லும்? வளர்ப்பு சரியில்லை, அம்மா கொடுத்த செல்லம், கூடாத சகவாசம். கோடாங்கி ஒருவர்தான், “இவன் மேல தப்பில்ல, வேற ஒண்ணு ஏறியிருக்கு” என்கிறார். அந்தப் பேச்சில் மகன் மேலும் தாய் மேலும் கிடந்த பழி இறங்கிவிடுகிறது. நாங்கள் ‘ஸ்கிசோஃப்ரினியா’ என்று சொல்லி அனுப்பும்போது அந்த ஆறுதல் கிடைப்பதில்லை.

கோயிலில் தங்கினால் குணம் தெரிகிறதா என்று மனநல மருத்துவர்களே அளந்து பார்த்திருக்கிறார்கள். ரகுராமும் அவரோடு சேர்ந்தவர்களும் தமிழ்நாட்டில் வேலாயுதம்பாளையம்புதூர் முத்துசாமி கோயிலில் செய்த ஆய்வு, 2002-இல் ‘பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னல்’ இதழில் வெளியானது. அங்கே தங்கியிருந்த 31 பேரை வந்தபோதும் கிளம்பும்போதும் பரிசோதித்தார்கள். பெரும்பாலோருக்குக் கடுமையான மனநோய். சராசரியாக 6 வாரம் தங்கினார்கள். நோய்க்குறிகளின் அளவு ஏறக்குறைய 20 சதவீதம் குறைந்திருந்தது. மாத்திரையும் இல்லை, பேயோட்டலும் இல்லை. காலையில் பூசை, பிறகு வாசல் கூட்டுவது, செடிக்குத் தண்ணீர் ஊற்றுவது. காசு வாங்கவில்லை, கூட வந்த சொந்தக்காரரும் தங்கலாம்.

சிறிய ஆய்வுதான். கோயிலில் தங்காத ஒரு குழுவை வைத்து ஒப்பிடவும் இல்லை. ஆனாலும் எதனால் குறைந்திருக்கும் என்பதற்கு லண்டனில் தொடங்கிய வேறொரு ஆராய்ச்சி துப்புக் கொடுக்கிறது. ஜார்ஜ் பிரவுன் என்ற சமூகவியலாளரும் அவரது சகாக்களும், மருத்துவமனையிலிருந்து வீடு திரும்பிய ஸ்கிசோஃப்ரினியா நோயாளிகளைத் தொடர்ந்து கவனித்தார்கள். குத்தலும் கோபமும் நிறைந்த வீடுகளுக்குப் போனவர்களுக்கு நோய் மறுபடியும் அதிகமாக வந்தது. சண்டிகரில் பின்னர் நடந்த ஆய்வில், நம் குடும்பங்களில் அந்தக் குத்தல் குறைவு என்று தெரிந்தது; அங்கே நோயாளிகள் தேறியதும் மேலாகவே இருந்தது. கோயில் பிராகாரத்தில் தனக்குத்தானே பேசிக்கொண்டு நடப்பவனை யாரும் வேடிக்கை பார்ப்பதில்லை. பக்கத்துத் தூணடியிலும் அப்படி ஒருவர் இருப்பார். அம்மாவுக்குப் பேச்சுத்துணைக்கு இன்னொரு அம்மா கிடைப்பாள்.

மருத்துவமும் இதே இடத்துக்குத் தன் வழியில் வந்து சேர்ந்தது. அமிர்தசரஸ் மனநல மருத்துவமனையில் 1950-களில் டாக்டர் வித்யாசாகர், வளாகத்துக்குள்ளேயே கூடாரம் போட்டுக் குடும்பத்தாரை நோயாளியோடு தங்கவைத்தார். வேலூர் சி.எம்.சி.யும் குடும்பத்தோடு தங்கிச் சிகிச்சை பெறும் முறையை அந்தக் காலத்திலேயே கொண்டுவந்தது.

சில மாதம் முன்பு ஆண்டிபட்டிப் பக்கமிருந்து ஒரு தாய் மகனைக் கூட்டிவந்தார். பையன் மணிக்கட்டில் கறுப்பு, சிவப்பு, மஞ்சள் என்று மூன்று கயிறு. ரத்தம் எடுக்க வந்த நர்ஸ் கத்தரியைத் தேடினார். வேண்டாமென்று நான் கயிற்றை மேலே ஒதுக்கிப் பிடித்துக்கொண்டேன்.

“தாயி, மாத்திரை போட்டா கயித்துக்குச் சக்தி போயிருமா?”

“போகாதும்மா. கயிறு கையில இருக்கட்டும், மாத்திரை வயித்துல இருக்கட்டும்.”

“குணசீலத்துல ஒரு மண்டலம் தங்கச் சொல்லியிருக்காக.”

“தங்குங்க. மாத்திரையும் அதே ஒரு மண்டலம், ஒரு வேளை விடாம.”

திருச்சிக்குப் பக்கத்தில் காவிரிக் கரையில் இருக்கும் குணசீலம் பெருமாள் கோயிலில், மனம் பேதலித்தவர்களை 48 நாள் தங்கவைப்பது நெடுங்கால வழக்கம். உச்சிக்காலத்திலும் அர்த்தசாமத்திலும் முகத்தில் தீர்த்தம் தெளிப்பார்கள். ஸ்கிசோஃப்ரினியாவுக்கான மாத்திரையும் ஒரே நாளில் பேசாது. சரியாக வேலை செய்கிறதா என்று தெரிய 4 முதல் 6 வாரம் ஆகும். பத்தே நாளில் “ஆளைச் சுருட்டிப் போட்டுருச்சு, குணமும் இல்ல” என்று நிறுத்திவிடுகிறவர்கள்தான் அதிகம். மண்டலக் கணக்குச் சொன்னால் பொறுப்பார்கள்.

அந்தத் தாய் அர்த்தசாமத் தீர்த்தம் ஆனதும் கையோடு மாத்திரையைக் கொடுத்திருக்கிறார். திரும்பி வந்தபோது பையனுக்குக் குரல் நின்றிருக்கவில்லை. “பேசுது, ஆனா திட்டல” என்றான். பெருமாள் குணமாக்கினார் என்றார் தாய். நான் மறுக்கவில்லை; மாத்திரைச் சீட்டை அடுத்த மாதத்துக்கு எழுதி வாங்கிக்கொடுத்தேன்.

மறுத்தே தீர வேண்டிய இடங்களும் உண்டு. பைபோலார் நோய்க்கு லித்தியம் சாப்பிடுகிறவர் உப்பில்லா விரதமோ தண்ணீர் குடிக்காத நோன்போ டாக்டரைக் கேட்காமல் இருக்கக் கூடாது. உடம்பில் உப்பும் நீரும் குறைந்தால் சிறுநீரகம் லித்தியத்தை வெளியேற்றாமல் பிடித்துவைக்கும். ரத்தத்தில் அது நச்சு அளவுக்கு ஏறும். கை உதறும், கால் தள்ளாடும், வாந்தி வரும். வீட்டில் அதை அருள் வந்துவிட்டதாக நினைத்தால் தொலைந்தது. இதே நோயாளிகளுக்கு விடிய விடியக் கண்விழிக்கும் திருவிழாவும் ஆகாது. தூக்கம் கெட்டால் நோய் கிளம்பும்.

பழியை இறக்கிவைத்த அதே பேய்க்கதை, பேய் போகாவிட்டால் அடியாகவும் சங்கிலியாகவும் மாறும். 2001 ஆகஸ்ட் 6-ஆம் தேதி விடியலில் தர்காவுக்குப் பேர்போன ஏர்வாடியில், மனநோயாளிகளை வைத்திருந்த ஒரு தனியார் காப்பகத்தின் கீற்றுக்கொட்டகை தீப்பிடித்தது. சங்கிலியில் கிடந்தவர்களால் ஓட முடியவில்லை. 28 பேர் இறந்தார்கள். உச்ச நீதிமன்றம் தானாகவே அதை வழக்காக எடுத்தது. இன்று, 2017-ஆம் ஆண்டின் மனநலப் பராமரிப்புச் சட்டப்படி, மனநோயாளியை எந்த விதத்தில் சங்கிலியிட்டாலும் குற்றம்.

அதற்காகத் தர்காவைப் பூட்டிவிட முடியுமா? குஜராத்தில் உனாவா மீரா தாதர் தர்காவில் வேறு வழி பார்த்தார்கள். தர்காவில் ஓதிவிடும் முஜாவர்களுக்கு நோய்க்குறிகளைச் சொல்லிக்கொடுத்தார்கள். ஓதி முடித்ததும் அங்கேயே இருக்கும் டாக்டரிடம் அவர்களே அனுப்புகிறார்கள். தவா–துவா, அதாவது மருந்தும் பிரார்த்தனையும் என்று அதற்குப் பெயர். அதே முறையைத் தமிழக அரசு ஏர்வாடிக்கும் கொண்டுவந்தது.

எந்தக் கோயிலானாலும், தர்காவானாலும், ஜெப வீடானாலும், தங்குவதற்கு முன் நான்கு கேள்வி கேளுங்கள். கட்டிவைப்பீர்களா? அடிப்பீர்களா? மாத்திரையை நிறுத்தச் சொல்வீர்களா? நாங்களும் கூடவே தங்கலாமா? சாகப்போகிறேன் என்று பேசினாலோ, சோறு தண்ணீரை விட்டாலோ, காய்ச்சலோடு பிதற்றினாலோ இந்த விசாரணைக்கெல்லாம் நேரமில்லை; நேராக மருத்துவமனைக்கு வாருங்கள். என்ன செய்வதென்று குழப்பமாக இருந்தால், ‘டெலி மானஸ்’ இலவச எண் 14416 இரவு பகலாக எடுக்கப்படும். மற்றபடி, நல்ல பூசாரி அந்த நான்கு கேள்விக்கும் கோபப்பட மாட்டார். கோபப்பட்டால் பையைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிடுங்கள்; சாமி வேறு கோயிலிலும் இருக்கிறார்.