இசையினின்று பிறந்த உலகம்

உலகிற்கு அடித்தளம் யாது என்னும் வினாவுக்கு நீர் என்றும் தீ என்றும் அணு என்றும் விடை கூறியோர் பலர். ஒலியே என்று கூறியோரும் உளர். கிரேக்க நாட்டுப் பிதகோரஸின் மரபினர், தந்தியின் நீளத்தைப் பாதியாக்கினால் அதே சுரம் மேல் ஸ்தாயியில் ஒலிப்பதைக் கண்டு, வானத்துக் கோள்களும் இத்தகைய எண் விகிதங்களுக்கு உட்பட்டே இயங்குகின்றன என்று கருதினர். வானநூலார் கெப்ளர் 1619-இல் வெளியிட்ட நூலில் ஒவ்வொரு கோளுக்கும் அதன் வேகத்திற்கேற்பச் சுரங்களை வகுத்தார். நம் நாட்டில் பர்த்ருஹரி, சொல்லின் தத்துவமே பிரம்மம், உலகம் அதன் தோற்றம் என்று வாக்யபதீயத்தில் உரைத்தார்.

இவர்கள் யாவரும் நாம் வாழும் உலகைப் பற்றிப் பேசினர். ஈண்டு நாம் காணவிருப்பதோ கற்பனை உலகம் ஒன்றின் சிருஷ்டிக் கொள்கை. அதை வகுத்தவர் ஆங்கில ஆசிரியர் டோல்கீன். மோதிரங்களின் தலைவனைப் பற்றிய அவருடைய பெருங்கதை 1954, 1955-ஆம் ஆண்டுகளில் வெளிவந்தது. அக்கதை நிகழும் உலகின் தோற்றத்தைக் கூறும் பகுதி, அவர் 1973-இல் மறைந்த பின், மகனார் கிறிஸ்டோபர் பதிப்பித்து 1977-இல் வெளியிட்ட ‘சில்மரில்லியன்’ நூலின் முதற்பகுதியாக அமைந்துள்ளது. ஆயினும் அதன் முதல் வடிவம் மிகப் பழையது. முதல் உலகப் போர் முடிந்தபின், ஆக்ஸ்போர்டில் ஆங்கிலப் பேரகராதிப் பணியில் அமர்ந்திருந்த காலத்தில் அவர் எழுதியது அது.

ஆதியில் இலூவத்தார் என்னும் ஒரே இறைவன் இருந்தான். அவனுடைய எண்ணத்தினின்று ஐனூர் என்னும் தேவர்கள் தோன்றினர். அவன் அவர்கட்கு ஓர் இசைக்கருவை எடுத்துரைத்து, ஒவ்வொருவரும் தத்தம் கற்பனைக்கேற்ப அதை அணிசெய்து பாடுமாறு பணித்தான். ஒரு பல்லவியை எடுத்துக் கொடுத்து, அதன் வரம்பிற்குள் நிரவல் செய்யச் சொல்வது போன்றதென நாம் கொள்ளலாம். ஒரு வேறுபாடு உண்டு. நம் கச்சேரியில் பிரதானப் பாடகர் ஒருவரே. பக்கவாத்தியத்தார் அவரைத் தொடர்ந்து செல்வர். டோல்கீன் மனத்திற் கொண்டதோ மேல்நாட்டுச் சேர்ந்திசை. அங்கே பல குரல்கள் வெவ்வேறு சுரவரிசைகளை ஒரே காலத்தில் பாடும். அவை ஒன்றோடொன்று இயைவதே அழகு.

ஐனூருள் ஆற்றலிலும் அறிவிலும் மிக்கவனான மெல்கோர், தன் பங்கினைப் பெருக்கிக்கொள்ள விழைந்து, கருவோடு பொருந்தாத எண்ணங்களை இசையிற் புகுத்தினான். அருகிலிருந்தோருட் சிலர் தடுமாறினர். சிலர் அவன் வழியே பாடத் தலைப்பட்டனர். இதனை மொழிபெயர்க்கப் புகுவோன் ‘அபசுரம்’ என்று எழுதிவிட்டு நகர்ந்துவிடக்கூடும். அது போதாது என்பது என் கருத்து. அபசுரம் குரலின் குற்றம். மெல்கோரின் குரலிற் குற்றம் இல்லை. அவன் இசைய மறுத்தான். ‘இசை’ என்னும் நம் சொல் பாட்டையும் குறிக்கும், உடன்படுதலையும் குறிக்கும். ‘இசையாமை’ என்று எழுதினால் ஆசிரியர் கருதியது முழுவதும் அடங்கிவிடுகிறது.

இறைவன் இரண்டாவது கருவையும், பின்னர் மூன்றாவதையும் எழுப்பினான். முடிவில் இருவேறு இசைகள் ஒருங்கே ஒலித்தன. ஒன்று ஆழமும் அகலமும் உடையது, துயரம் தோய்ந்தது. அதன் அழகிற்குத் துயரமே முதற்காரணம். மற்றது ஆரவாரமானது, கூறியதையே கூறுவது. ஆயினும் அந்த ஆரவாரத்தின் மிக உரத்த சுரங்களையும் முதலாவது தன்னுள் ஏற்றுத் தன் அமைப்பில் இழைத்துக்கொண்டது.

இசை முடிந்தபின்பே உலகின் காட்சி தேவர்கட்குக் காட்டப்பட்டது. அதன்பின் ‘உளதாகுக’ எனப் பொருள்படும் ஒரே சொல்லால் இறைவன் உலகை உண்டாக்கினான். இந்த வரிசையைக் கவனிக்க வேண்டும். பர்த்ருஹரியிடம் சொல்லே மூலம். டோல்கீனிடம் இசை திட்டத்தைத் தருகிறது. சொல் அதற்கு இருப்பைத் தருகிறது. உலகிற்குள் இறங்கிய தேவர்கள் அங்கே எதுவும் உருப்பெறாதிருக்கக் கண்டனர். தாம் பாடியதையெல்லாம் இனித் தம் கைகளால் உழைத்துச் செய்ய வேண்டும் என்பது அப்போதுதான் அவர்கட்கு விளங்கியது.

அப்பேரிசையின் எதிரொலி பிற பொருள்கள் எவற்றையும்விட நீரில் மிகுதியாகத் தங்கியிருக்கிறதாம். கடலின் ஓசையை அலுக்காமற் கேட்போர், தாம் எதைக் கேட்கிறோம் என்பதை அறியாமலே கேட்கின்றனர். நீருக்குரிய தேவன் உல்மோ. அவனுடைய நீரைக் கெடுக்கவே மெல்கோர் கடுங்குளிரை உண்டாக்கினான். விளைந்தது பனித்திவலையின் நுண்ணழகு. வெப்பத்தை ஏவினான், விளைந்தவை மேகங்களும் மழையும். தான் கற்பனை செய்ததினும் நீர் அழகுடையதாயிற்று என்று உல்மோவே வியந்தான்.

பனிக்கும் மழைக்கும் இது பொருந்தும். மாண்டோர்க்குப் பொருந்துமா? இவ்வினா டோல்கீனுக்கு ஏட்டளவினது அன்று. 1916-இல் பிரான்ஸின் ஸோம் போர்க்களத்தில் அவர் படையதிகாரியாக இருந்தார். 1918-க்குள் தம் நெருங்கிய நண்பர்களுள் ஒருவரைத் தவிர யாவரையும் இழந்ததாகப் பிற்காலத்தில் எழுதினார். தம் கதைகளை உருவகமாக வாசிப்பதை அவர் விரும்பவில்லை. எனவே மெல்கோரே போர் என்று நாம் சொல்லலாகாது. எனினும், தீமை நன்மையாக மாறிவிட்டது என்று அவர் எங்கும் கூறவில்லை என்பது நோக்கத்தக்கது. துயரம் இசையிலிருந்து நீக்கப்படவில்லை. அது உள்ளேயே இருக்கிறது. என்னளவில் இக்கொள்கையை மதிக்கச் செய்வது இதுவே.

எல்லாம் முன்னரே பாடப்பட்டுவிட்டதெனின் செய்வதற்கு எஞ்சுவது யாது என்றும் கேட்கலாம். இதற்கு அவர் ஒரு விதிவிலக்கை வைத்திருக்கிறார். மூன்றாவது கருவோடு வந்தவர்கள் இறைவனின் மக்கள். அவர்களைப் படைத்ததில் தேவர்கட்குப் பங்கில்லை. அவருள் இளையோரான மானிடர்க்கு ஒரு தனிக்கொடை உண்டு. பிற யாவற்றிற்கும் அந்த இசை விதியைப் போன்றது. மானிடர் மட்டும் அதற்கு அப்பாலும் தம் வாழ்வை வகுத்துக்கொள்ளலாம். அவர்கள் அதைப் பலமுறை தவறாகவே பயன்படுத்துவர் என்பதும் இறைவன் அறிந்ததே. அறிந்தே கொடுத்தான்.